கருவிளம்

முதல் வாரம் நாற்பத்தோராம் இடம்.
டாம்வொர்த் ஆஸ்பத்திரியில், இரத்தம் எடுக்கும் அறையில்
ரேடியோ சொன்னது:
நம்மூர்ப் பெடியன் ரீஸ் கலஹன், புதுக் காதல் பாட்டு.
ஊசி அப்போது ஒருவரின் நரம்பில் இருந்தது.
என் கை நடுங்கவில்லை.
நடுங்காமல் இருக்கத்தான் சம்பளம்.

இரண்டாம் வாரம் பத்தொன்பது.
சூப்பர் மார்க்கெட்டில் தயிருக்குக் குனிந்தபோது
கூரையிலிருந்து ஒழுகியது பல்லவி.
கோதுமைக் கூந்தல்காரியாம்.
அடே ரீஸ்,
உன் குளியலறைக் குழாயை அடைத்தது எந்தக் கோதுமை?
கம்பி விட்டு இழுத்து,
பாம்பு பிடித்தவன்போல் தூக்கிக் காட்டிச் சிரித்தாயே,
சொட்டச் சொட்ட, கன்னங்கரேலென்று.
அன்று இரவுதானே முதல் சரணம் வந்தது.

பகலெல்லாம் காற்றாலைத் தண்ணீர்ப் பம்புகளைத் திருத்துவான்.
நான் நைட் ஷிப்ட் முடிந்து வரும்போது
என் குசினி மேசையில் கிரீஸ் விரல்களோடு
கிட்டாரை மடியில் வைத்து முனகிக்கொண்டிருப்பான்.
ஒருநாள் சொன்னான்,
உன் பெயர் மெட்டில் உட்காருதில்லை, சுகந்தினி.
சு, கன், தி, னி. நாலு துண்டு.
எனக்கிருப்பது இரண்டு தட்டுக்கு இடம்.

நான் மேசையில் தட்டிக் காட்டினேன்:
சுகந். தினி.
நிரை நிரை.
எங்கள் கணக்கில் இரண்டே அசை, கருவிளம்.
பாடிப் பார்த்தான்.
ஒவ்வொரு முறையும் அந்த 'ந்'தில் கால் தடுக்கி விழுந்தான்.
எழுந்து மறுபடி விழுந்தான்.
சிரித்துச் சிரித்து எனக்கு விக்கல் எடுத்தது.

நாஷ்வில்லில் யாரோ ஒரு தயாரிப்பாளர்
ஜென்னி என்று மாற்றினாராம்.
ஜென். னி.
நேர் நேர், தேமா.
பிழை சொல்ல வழியில்லை, இலக்கணம் சுத்தம்.
கருவிளம் நின்ற இடத்தில் தேமா நட்டார்கள்.
காய்த்தது.

ஐந்தாம் வாரம் முதலிடம்.
மூன்று வாரம் இறங்கவே இல்லை.
மருந்துக்கடை ஜென்னி மெக்ரே
வெட்கத்தில் சிவந்து திரிந்தாள்.
பள்ளிக்கூட பஸ்ஸில் ஒருமுறை அவளுக்கு இடம் விட்டானாம்.
பீல் தெருவில் மூன்று பேர் அவளோடு படம் எடுத்துக்கொண்டார்கள்.
கொழுப்புப் பரிசோதனைக்கு வந்த ஒரு பண்ணைக்காரர்
கண் கலங்கக் கேட்டார்,
அந்தப் பெண்ணை எவ்வளவு நேசித்திருப்பான், இல்லையா?
கையைப் பொத்திப் பிடியுங்கள் என்றேன்.

அவன் ஒருதரம் போன் எடுத்தான்.
அவர்கள் கேட்டார்கள், நான் சரி என்றுவிட்டேன்,
கோபமா என்றான்.
போன குளிர்காலம் உன் பிக்கப்புக்கு வாங்கிய பாட்டரி,
நூற்றெண்பது டாலர், இன்னும் வரவில்லை என்றேன்.
மறுநாளே வந்தது.
நூற்றெண்பது. ஒரு சதம் கூடவில்லை.
அதுதான் கொஞ்சம் வலித்தது.

ஆனால்
இரண்டு நிமிடம் நாற்பத்தோராவது விநாடியில்
எல்லா வாத்தியமும் நின்று
கடைசிச் சரணத்துக்கு அவன் மூச்சு இழுக்குமுன்
'டக்' என்று ஒரு சத்தம்.
ஏதோ பத்திரிகையில் எழுதியிருந்தார்கள்,
மரக்கட்டைத் தாளத்தில் ஒரு மேதைமை என்று.
அது என் ரைஸ் குக்கர்.
அன்று போனில் பதிந்த மூச்சை மட்டும்
ஸ்டூடியோவில் திரும்ப எடுக்க முடியாமல்
அப்படியே ஒட்டியிருக்கிறார்கள்.
சிவப்பு விளக்கு அணைந்து மஞ்சள் எரியும் சத்தம்.
வெந்தது போதும், இனிச் சூடு ஆறாமல் இருந்தால் சரி என்கிற சத்தம்.
அமெரிக்கா முழுக்கக் கேட்கிறது.

இந்த வாரம் ஒன்பதாம் இடம்.
ஒரு சுண்டு அரிசி கழுவிப் போட்டுவிட்டு
ரேடியோவைத் திருகினேன்.
பாட்டு வந்தது.
இரண்டு 'டக்'கும் சேர்ந்து விழுமா என்று
ஈரக் கையோடு நின்றேன்.
குக்கர் நாலு விநாடி பிந்தியது.
பாவம்,
அதற்கு யாரும் ஒன்று இரண்டு எண்ணித் தரவில்லை.