நடுத்துளை

நாஷ்வில்லில், ஆற்றுக்கு இந்தப் பக்கம்,
இசைத்தட்டு அழுத்தும் ஆலையில் எனக்குக் காது வேலை.
நூற்றுக்கு ஒன்றை உருவி ஓடவிட்டு
கீறலா, குமிழா, கரகரப்பா என்று கேட்டுப்
பெட்டிக்கு அனுப்ப வேண்டும்.
பாட்டைக் கேட்காதே, தட்டைக் கேள்
என்பார் மேஸ்திரி லாய்ட் ஹக்கபி.
பதினொரு வருடம் அப்படித்தான் கேட்டேன்
வெர்லீன் காடிலை.

முதல் தட்டு அறுபத்தாறு, மார்ச்.
ஐந்நூறு பிரதி, ஊதா லேபிள்.
கென்டக்கி மலைக்காரியின் மூக்கொலியில்
புருஷனின் லாரியை விற்றுவிட்டதாக ஒரு பாட்டு.
பின்பக்கம், அதே லாரியைத் திரும்ப வாங்கியதாக.
பின்பக்கத்தை எந்த வானொலியும் போடவில்லை.
அதனால் ஊர் ஊராக
அந்த லாரி இன்னும் விற்றது விற்றபடியே கிடக்கிறது.

அடுத்தது இரண்டாயிரம்.
அதற்கடுத்ததை டல்சாவில் எவனோ தூக்கம் வராதவன்
ராத்திரிக்கு ராத்திரி சுழலவிட்டதில்
நாற்பத்தோராம் இடம்.
நாற்பதோடு பட்டியல் முடிகிற பத்திரிகையில்
நாற்பத்தொன்று என்பது
படியில் பூட்ஸைத் துடைத்துக்கொண்டே நிற்பது.
உள்ளே சிரிப்புச் சத்தம் மட்டும் கேட்கும்.

பிறகு ஜோடிப் பாட்டுகள்.
டெல்மர் ஸ்டிடமோடு நான்கு,
ரென்ஃப்ரோ சகோதரர்களோடு ஒன்று,
ஒரு கிறிஸ்துமஸ் தட்டில் பெயரே இல்லை,
‘தோழியர்’ என்று மட்டும்.
தோழியரில் அவள் யாரென்று எனக்குத் தெரியும்,
அடிக்கு முன்னால் மூச்சை இழுத்துவிடுவாள்.
டெல்மரின் பெயர் என் கட்டைவிரல் அகலம்.
கீழே ‘உடன்’, எறும்பு அளவில்.
அதற்கும் கீழே அவள்.

இருவரும் காதலர்கள் என்று நாடே நம்பியது.
அவர் செவ்வாய்க்கிழமை பாடினார்.
அவள் வெள்ளிக்கிழமை.
இடையில் அந்த அறையைப் பெருக்கியவன் என் மச்சான்.
காதுக்கருவிக்குள் அவர் ‘வா’ என்றபோது
வெறும் சுவரைப் பார்த்து அவள் தலையாட்டினாளாம்.

ஆல்பம்?
அடுத்த சிங்கிள் ஏறட்டும் என்றார்கள்.
அடுத்தது ஏறியது, கொஞ்சம்.
அதற்கடுத்தது ஏறட்டும் என்றார்கள்.
பதினேழு தட்டு.
ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கினால்
ஒரு சோப்புக்கட்டி உயரம் வரும்.

எழுபத்தேழில் அவளே வந்தாள்,
விற்காமல் மீந்ததைச் சொந்தக் காசில் வாங்கிப்போக.
சந்தை சந்தையாகப் போய்
கார் டிக்கியைத் திறந்து வைத்து விற்கப்போகிறாளாம்.
எண்ணிக் கொடுத்தேன். இருநூற்றுப் பன்னிரண்டு.
குனிந்து கையெழுத்துப் போடும்போது பார்த்துவிட்டாள்,
என் மேசையடியில் ஒரு ஊதா லேபிள்.
துளை மயிரிழை தள்ளி விழுந்த கழிவு,
சட்டப்படி அன்றைக்கே உடைத்திருக்க வேண்டும்.
‘இதை ஏன் வைத்திருக்கிறாய்?’

பதில் சொல்ல வராமல்
ஓடவிட்டேன், பின்பக்கத்தை.

சுற்றுக்கு ஒருமுறை குரல் ஏறி இறங்கியது,
பாலமில்லாத ஓடையில் சக்கரம் இறங்கிய மாதிரி.
ஒரு கையுறையைக் கழற்றினாள்.
இன்னொன்றைக் கழற்ற மறந்து நின்றாள்,
ஊசி கடைசிப் பள்ளத்தில் கிடந்து
டக் டக்கென்று அடிக்கும் வரை.

‘இப்படித்தான் பாடிக் காட்டினேன்’ என்றாள்.
‘ஆறு தடவை.
நேராக்கு, நேராக்கு என்றான் அந்த ஆள்.’

விலை கேட்டாள். கழிவுக்கு விலையில்லை,
ரசீதில் எழுதக் கட்டமும் இல்லை.
பெட்டிகள் எல்லாம் டிக்கியில் ஏறின.
அதை மட்டும் முன் இருக்கையில் வைத்து
தன் கோட்டைக் கழற்றி மூடினாள்.
வெளியே நல்ல குளிர்.

கணக்கு சரியா என்றார் லாய்ட்.
சரி என்றேன்.