இருந்தபடியே

மோரீன் ஹாட்லி அந்தச் சுவரைத் தொட்டது
காய்ச்சல் பார்க்க நெற்றியைத் தொடுவதுபோல.
டொக்யாட் வீதி, கடல் பக்கம் திரும்பும் முடக்கு,
அன்னராணி அக்கா வீட்டு முன்சுவர்.
"படத்தில் இது ஐம்பத்தாறாம் ஆண்டு" என்றார்,
"இந்தத் துளைகள் இன்னும் பிறக்கவில்லை."

எனக்கு அவரிடம் மூன்று மாதச் சம்பளம்.
வேலை, புதியதைப் பழசாக்குவது.
தேயிலைச் சாயம், அடுப்புக்கரி, செங்கல் தூள், புளித்த மோர்.
கடையில் வாங்கிய தகரத்தை உப்புத் தண்ணீரில் ஊறப்போட்டு
ஒரு கிழமையில் எழுபது வயதாக்கியிருந்தேன்.
துரு போதாத இடங்களில் தூரிகையால் துரு.
இப்போதுதான் முதல்தரம்
பழையதொன்றை இளசாக்கச் சொல்கிறார்.

அடிமட்டம் வைத்து ஒவ்வொன்றாகப் படமெடுத்தார்.
சோக்கட்டியால் இலக்கமிட்டார்.
முப்பத்தொன்று.
அக்கா வாசலில் நின்று கேட்டா:
"முப்பத்தொண்டா? இவ்வளவு காலமும்
நான் எண்ணிப் பாக்கேல்ல."

பலகை ஏற்ற நிலாவெளிக்குப் போகையில்
நஸ்றுதீனின் லொறியில், எங்கள் இருவருக்கும் நடுவில் இருந்து
என்ஜின் சத்தத்துக்கு மேலால் சொல்லிக்கொண்டு வந்தார்:
பத்தொன்பது வயதில் லீட்ஸில் ஒரு தொலைக்காட்சி நிலையம்,
கன்வஸில் செங்கல் வரையும் பெட்டை.
கறுப்பு வெள்ளைக் காலம். சிவப்புத் தபால்பெட்டிக்குப்
பச்சை பூசினால்தான் சரியான சாம்பல் கிடைக்குமாம்.
பிறகு ஆறு வருடம் ஒரு ஆஸ்பத்திரித் தொடர்,
ஒரே நடைக்கூடம், கதவுகளை மட்டும் மாற்றி மாற்றி.
பிறகு சினிமா.
இருபத்தாறு குசினிகள் கட்டினாராம்,
ஒரு குழாயிலும் தண்ணீர் வந்ததில்லை.
ஏழு சிறைகள். அரண்மனை ஒன்றில் பாதி,
மற்றப் பாதியைக் கமெரா பார்க்காது.
அவருடைய தாய் ஒருநாள் திரையைக் காட்டி
"ஆருடைய வீடு இது, நல்லாயிருக்கே" என்றாராம்.
என்னுடையது என்று சொல்ல
அவருக்கு வாய் வரவில்லையாம்.
அவருடைய சொந்த வீட்டில் ஒரு யன்னல்
ஒன்பது வருடமாக ஒழுகுகிறது.
நஸ்றுதீனுக்கு இங்கிலிஷ் விளங்காது.
ஆனாலும் சரியான இடத்தில் சிரித்தான்.

சுண்ணாம்பு குழைத்தேன். ஒன்று, இரண்டு, மூன்று.
பதினேழுக்குள் விரலை விட்டபோது
உள்ளே ஏதோ தட்டுப்பட்டது. கிண்டவில்லை.
அதன் மேலேயே பூசினேன். மோரீனிடம் சொல்லவுமில்லை.

எதிர்ச்சுவர் முழுக்க ஐம்பத்தாறின் விளம்பரங்கள்,
சவர்க்காரம், சைக்கிள், இருமல் மருந்து,
கோதுமை மாப் பசையால் ஒட்டியவை.
இரவில் கோட்டை மான்கள் இறங்கி வந்து
பசையோடு சேர்த்துத் தின்றுவிட்டன.
விடிய வந்து பார்த்து மோரீன் சொன்னார்:
"நாற்பத்தெட்டு வருடத்தில்
என்னை முழுசாக வாசித்தவர்கள் இவர்கள்தான்."

கதாநாயகி குடையோடு கடந்து போனாள்.
சுவர் நாலு விநாடி.

ஒப்பந்தத்தில் ஒரு வரி இருந்தது:
இருந்தபடியே திருப்பி ஒப்படைக்க வேண்டும்.
படங்களோடும் உளியோடும் போனோம்.
அக்கா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு
ஒவ்வொன்றாய்ப் பார்த்தா. பன்னிரண்டில் நின்றா.
"இது வெடி இல்லை.
லாந்தர் கொழுவ இவர் அடிச்ச ஆணி.
இதை மட்டும் திறவுங்கோ."
மற்றதெல்லாம்?
"பிறகு பாப்பம்."

மோரீன் உளியை என்னிடம் தரவில்லை.
முழங்கால் நோவோடு ஏணியில் தானே ஏறி,
சுண்டுவிரல் ஆழத்துக்கு, படத்தைப் பார்த்துப் பார்த்து,
அரை மணித்தியாலம்.
படிவத்தில் "நிறைவேறியது" என்பதை வெட்டி
"பகுதியாக" என்று எழுதிக் கையெழுத்து வைத்தார்.

கடைத்தெருவை ஒரு பகலில் உடைத்தோம்.
யன்னல் இரண்டு நஸ்றுதீனின் கோழிக்கூட்டுக்குப் போனது.
மோரீன் கொழும்பு பஸ்ஸில் போனார்,
யன்னலோர இருக்கை கேட்டு வாங்கி.

மாரி முடிந்து அந்தப் பக்கம் போனேன்.
பன்னிரண்டில் ஆணி இருந்தது, லாந்தர் இல்லை.
பதினேழு இருந்த இடத்தில்
ஒரு சதக் குற்றியளவு செம்மை கசிந்திருந்தது.
கிட்டப் போய்ப் பார்த்தேன்.
துரு.
நான் பூசியதல்ல.