திருத்தச் சீட்டு

தாளில் ஒட்டிய கொடிக்கு நாற்பது வயது.
பூ இருந்த இடத்தில் தேயிலைக் கறை மாதிரி ஒன்று.
கீழே சாய்ந்த கையெழுத்து:
விஷ்ணுகிராந்தி. மயிலிட்டி. கடலோர மணல்.
12.1.1984. சேகரித்தவர் க. இராசநாயகி.
பூவின் நிறம் என்ற கோட்டின் மேல்
ஒன்றும் எழுதவில்லை.

வெந்நீரில் ஊறவைத்த ஓர் அரும்பை
ஊசியால் பிரித்தேன்.
விஷ்ணுகிராந்திக்குச் சூல்தண்டு இரண்டு,
ஒவ்வொன்றும் நுனியில் மறுபடி இரண்டாகும்.
இதற்கு ஒன்றே ஒன்று,
அதன் தலையில் கடுகிலும் சிறிய இரண்டு உருண்டை.
இலையில் பட்டு மயிரும் இல்லை.
நாற்பது வருடமாக
வேறொருவர் பெயருக்கு ‘ஓம்’ சொல்லிக்கொண்டு
அலுமாரிக்குள் கிடந்திருக்கிறாய்.

விடிய ஐந்தரைக்கு ஸ்கூட்டியை எடுத்தேன்.
பத்து மணிக்குள் மூடிவிடும் பூவுக்கு
பல்கலைக்கழக நேரசூசி தெரியாது.
தெல்லிப்பழை தாண்டச் செம்மண் வெளிறியது,
சுண்ணாம்புக்கல் முழங்கால் மாதிரி மேலே வந்தது.

கிளுவை வேலியில் தாளி:
இதய இலை, மங்கிய ரோசாப் புனல், தொண்டையில் இருட்டு.
நீ இல்லை.
கரையில் அடம்பன்:
ஆட்டுக்குளம்பு இலை, கண்ணைக் குத்தும் ஊதா.
திரண்டால் மிடுக்கு என்று ஊரே சொல்லிச் சொல்லி
அதற்குக் கொஞ்சம் தலைக்கனம்.
நீயும் இல்லை.

“என்ன பிள்ளை, மோதிரம் விழுந்திட்டுதோ?”
கருவாடு பரப்பிக்கொண்டிருந்த ஞானசீலி அக்கா.
“பூ தேடுறன்.”
“பூவோ! மணலிலை ஊருற மஞ்சளே?
அங்கை, கம்பியடியிலை கிடக்கு.
வலை காயப்போட்டால் சிக்கித் துலைக்கும்.”
பெயர் கேட்டேன்.
“அதுக்கு ஆர் பேர் வைச்சது?”
முதியார் கூந்தல் என்றேன்.
ஈக்கு வீசிய கையாலேயே தலையைத் தொட்டாள்.
“நரைச்சது எனக்கு. பேர் அதுக்கோ?”

அங்கேதான் இருந்தது.
பாலில் ஒரு சொட்டு மஞ்சள் விழுந்த நிறம்,
நடுவில், குனிந்தால்தான் தெரியும், ஊதாப் பொட்டு.
புல்லென்று நினைத்து மிதித்துவிடலாம், அவ்வளவு ஒடுங்கிய இலை.
அடியில் மட்டும் சின்னச் சின்னப் பற்கள்
தண்டைக் கடித்துப் பிடித்தபடி.
படரும்வரை படர்ந்து
முட்கம்பி கைக்கு எட்டியதும் சுற்றுகிறது,
மேலிருந்து பார்த்தால்
மணிக்கூட்டுக்கு எதிர்த்திசையில்,
ஒவ்வொரு கொடியும் அப்படியே.

கம்பிக்கு அப்பால் இன்னும் நிறைய.
காணிக்குள்ளே ஒரு மஞ்சள் பாயே விரித்திருக்கிறது.
அதை நான் எண்ண முடியாது.
வாழிடம் என்ற கோட்டில்
இப்பால் கண்டதை எழுதினேன்:
திறந்த மணல், கற்துண்டுகள், ஒரு வீட்டு அத்திவாரம்.
துணைத் தாவரங்கள்: இராவணன்மீசை, நெருஞ்சி, அடம்பன்.
கம்பி தாவரமல்ல,
ஆனாலும் எழுதினேன்.

ஒன்பதே முக்காலுக்கு
ஒவ்வொன்றாகச் சுருங்கத் தொடங்கின,
நனைந்த குடையை முறுக்கி மடிப்பது போல.
பத்தரைக்கு மஞ்சளே இல்லை.
வெறும் பச்சை, வெறும் மணல்.

அப்போதுதான் விளங்கியது இராசநாயகி,
நீர் வந்த பஸ்
பத்தரைக்கோ பதினொன்றுக்கோதான் வந்திருக்கும்.
காணாத நிறத்தை எழுத மனம் வரவில்லை.
பெயரைத்தான் ஊகித்தீர்.
அதற்கு மேல் ஒரு கோடு வெறுமையாக விட
நேர்மை வேண்டும்.

எங்கள் தொழிலில் பிழையை அழிப்பதில்லை.
பழைய பெயர் அப்படியே கிடக்கும்,
பக்கத்தில் ஒரு சீட்டு ஒட்டுவோம்.
ஒட்டினேன்:
முதியார் கூந்தல். பூ வெளிர்மஞ்சள், காலை ஏழரைக்குக் கண்டது.
தீர்மானித்தவர் நி. மதுவந்தி.

உம்முடைய கோட்டை நான் நிரப்பவில்லை.
என் சீட்டுக்குக் கீழே
இன்னொரு சீட்டு ஒட்டுமளவு
இடம் விட்டிருக்கிறேன்.