ஒலி: நிஜாமுதீன்

பன்னிரண்டு நிமிடம். ஒரே ஷாட்.
கோட்டூர்புரம் பறக்கும் ரயில் நிலையத்தில்
ஓடாத எஸ்கலேட்டர்.
ஏழாவது படியில் தூங்குகிற நாய்.

மூன்று இரவு அங்கே மைக் பிடித்தேன்.
தூணுக்குள் இறங்கும் மழைநீர்,
கடைசி ரயிலின் அதிர்வு
கைப்பிடிக்கு வந்துசேர எடுக்கும் நான்கு நொடி,
நாயின் மூச்சுகூடக் கிடைத்திருந்தது.
கொசுவும்தான், கேட்காமலே.

எடிட்டில் மொத்தத்தையும் அழித்துவிட்டாள் மிருணா.
"சத்தம் பொய் சொல்லுது."
சம்பளம் பேசியிருந்தால்
சண்டை போட்டிருப்பேன்.

திரையிடல் பெசன்ட் நகரில்,
காலி செய்யப்பட்ட பிசியோதெரபி கிளினிக்கில்.
சுவரிலிருந்த முதுகெலும்புப் படத்தைக் கழற்றாமல்
அதன்மேலேயே வேட்டி கட்டியிருந்தார்கள்.
பதினான்கு பேர்.
நான்காம் நிமிடத்தில் இரண்டு பேர்
குனிந்தபடி வெளியேறினார்கள்,
திரையில் நிழல் விழக்கூடாதாம்.

யாருக்கோ வயிறு இரைந்தது.
தெருவில் குல்பி வண்டி மணி
வந்து, நின்று, விற்று,
போனது.

ஒன்பதாம் நிமிடம் மேலே ரயில் கடக்கிறது.
வெளிச்சம் மட்டும் படிகளில் நடுங்கும்.
நாயின் ஒரு காது நிமிர்ந்து மடங்கும்.
முன்வரிசைப் பெண்
கூரையை அண்ணாந்து பார்த்தாள்.

கடைசியில் கறுப்பில் வெள்ளையாக
என் பெயர் வந்தது.
யாரும் சிரிக்கவில்லை.

வாடகை நாற்காலிகளை எடுக்க
சீக்கிரமே வந்து பின்னால் நின்றிருந்த தேவசகாயம் கேட்டார்:
"ரயில் போறப்ப காது கிழிஞ்சுது தம்பி,
அந்த நாய் எப்படித் தூங்குச்சு?"

பதில் சொல்லாமல்
நாற்காலிகளை அடுக்கிக் கொடுத்தேன்.
ஒன்றின்மேல் ஒன்று உட்காரும்போது
ஒவ்வொன்றும் வேறு சுருதி.

மைக் எடுத்து வரவில்லை.