எண்ணூற்று நாற்பது அடி

நாகலூருக்கு மேலே
காப்பி பூத்திருந்த வாரம்.
திருச்செங்கோட்டு ரிக் வண்டி
கொண்டை ஊசி வளைவுகளில்
முன்னும் பின்னும் முனகி ஏறி வந்திருந்தது.

அறுநூறில் புழுதிதான்.
எழுநூறில் காரிராமன்
சட்டைப்பையின் அடகுச் சீட்டைத் தடவினான்.
எண்ணூற்று நாற்பதில்
சாம்பல் சேறு கக்கி
வந்துவிட்டது தண்ணீர்.
வெதுவெதுப்பாய்.

"பிட்டு சூடுண்ணே, ஆறிடும்."
கைலியில் கை துடைத்தான் டிரில்லர்.

பரீட்சைக்கு எரிமலை வரைந்து வரைந்து
ஆரஞ்சுக் கிரேயானைத் தீர்த்த தர்ஷினி
கையை எடுக்கவே இல்லை.
"நம்ம மலைக்குள்ளயும் இருக்குதாப்பா?"
"பாறை கண்ணு. வெறும் பாறை."

நாலாம் நாள் மோட்டார் இறக்கினார்கள்.
பல் கூசும் குளிர்.
அவள் கேட்டதையே மறந்து
பள்ளிக்கூடம் போய்விட்டாள்.

சில்வர் ஓக்குக்குள் பனி இறங்கும் நேரம்
சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு
கேசிங் குழாயில்
உள்ளங்கை வைக்கிறான்
காரிராமன்.