வினைமுற்று

செங்கோட்டையில் ஏறும்போது
என்னைத் தெரியாதவள் அவள்.
"எவிடேக்கா?" என்பாள், கண்டக்டர் குரலில்.
"தென்மலை" என்பேன், ஜன்னலைப் பார்த்து.
டிக்கெட் மெஷின் கரகரக்கும்.
மீதி மூன்று ரூபாயை
வேண்டுமென்றே தராமல் நகர்வாள்,
பிறகு வந்து தருவதற்கு.

சனிக்கிழமை. மடியில்
பதினொன்றாம் வகுப்புக் காலாண்டுத் தாள்கள், நாற்பத்தொன்று.
புளியரை தாண்டினால் வயல் முடிந்து
சாலை தன்னையே மடித்து மடித்து ஏறும்.
கோட்டைவாசலில் காற்று மாறும்.
கூடவே இலக்கணமும்.

லிஜியின் மொழியில்
வந்நு என்றால் வந்நு.
வந்தது அவனா அவளா என்று
வினைச்சொல் வாய் திறக்காது.
"ஒராளு வந்நு, ஊணு கழிச்சு, போயி" என்று
அம்மாவிடம் போனில்
ஒரு பொய்யும் சொல்லாமல்
என்னைச் சொல்லிவிடுகிறாள்.

என் மொழியோ
ஒவ்வொரு வினையின் வாலிலும்
மணி கட்டி அனுப்புகிறது.
வந்தாள். சிரித்தாள்.
காக்கிச் சட்டையைக் கொடியில் போட்டுவிட்டு
என் தோளில் தூங்கிப்போனாள்.
வினைமுற்று திணை, பால், எண், இடம் காட்டும் என்று
வருஷா வருஷம் கரும்பலகையில் எழுதுகிறவள் நான்தான்.
வீட்டில் யாரென்று கேட்டால்
"அவங்க பேசினாங்க" என்பேன்.
ஒரே ஆள், மரியாதைப் பன்மை.
அண்ணன் நினைத்துக்கொள்கிறான்,
தங்கைக்குப் பெரிய இடத்துப் பழக்கம் என்று.

இந்தத் திணறல் எனக்கு முன்பே
எழுதப்பட்டுவிட்டதென்று சில இரவுகளில் தோன்றும்.
பழைய பாட்டின் அடியில்
பின்னால் வந்த யாரோ ஒட்டிய
"தலைவி கூற்று" என்ற சீட்டை
நகத்தால் மெல்லக் கிளப்பிப் பார்ப்பேன்.
அங்கே ஒரு குரல் மட்டும் இருக்கும்,
ஊர் அடங்கியும் அடங்காத குரல்.
பெயர் கிடையாது.
பெயர் சொன்னால் அது அகமே இல்லையாம்.
யார் வகுத்த விதியோ, எங்களுக்கு வசதி.

தோழியை யாரும் கேட்டதில்லை.
தலைவியின் கழன்ற வளையைப் பொறுக்கித் தருகிறாள்,
செவிலி கண்ணை மறைக்கிறாள்,
அறத்தொடு நிற்கிறாள்,
நள்ளிரவில் அவளைக் கைபிடித்துக் கூட்டிப்போய்
ஒருவன் தேரருகே விட்டுவிட்டு
தனியாகத் திரும்புகிறாள்.
அந்த வழிநடையில் அவள் என்ன சொல்லிக்கொண்டாள்?
அதற்குத் துறை வகுக்கவில்லை.

அப்புறம் ஆண்கள் சிலர்
பெண்ணாகி, பசலை பூத்து,
கடவுளின் தோளுக்கு ஏங்கினார்கள்.
உரைகாரர் மூச்சிரைக்க ஓடிவந்து
அது ஆன்மா என்றார்.
எங்களுக்காக ஓடிவர ஒருவரும் இல்லை.
எங்களிடம் இருப்பது
கழுத்துவலி, மாதவிலக்கு,
புனலூர் டிப்போ டியூட்டி நேரம்.

முப்பத்தாறாவது தாள்.
செய்யதலி பாத்திமா. இடப்பக்கம் சாய்ந்த கையெழுத்து.
இப்பாடல் யார் கூற்று? ஒரு மதிப்பெண்.
விடைக்குறிப்பு: தலைவி, தோழியிடம் சொன்னது.
அவள் எழுதியிருக்கிறாள்:
"தோழி, தலைவியிடம் சொல்லாதது."

கழுதுருட்டிப் பக்கம்
பதின்மூன்று கண் பாலம் கூடவே ஓடிவந்தது.
பேனாவைத் திறந்தபடி கண்களை எண்ணினேன்.
எழுத்துப் பிழையா?
பத்து மதிப்பெண் கேள்விகளையே விட்டுவிட்டு
இந்த ஒன்றுக்கு மட்டும்
இரண்டு முறை அடித்துத் திருத்தியிருக்கிறாள்.
முழுதாகப் போட்டால் தலைமையாசிரியை கூப்பிட்டுக் கேட்பார்.
சுழித்தால், திங்கட்கிழமை முதல் பெஞ்சில்
அந்த முகத்தைப் பார்க்க வேண்டும்.
அரை போட்டேன்.
அவள் விடைக்கு அல்ல.
என் தைரியத்துக்கு அவ்வளவுதான் பெறும்.

"தென்மலை வந்நு!"
பஸ் முழுக்கக் கேட்கக் கத்தினாள் லிஜி.
தாள்களைப் பையில் திணித்து எழுந்தேன்.
படிக்கட்டருகே என் கையைப் பிரித்து
நாணயங்களை வைத்து
விரல்களை ஒவ்வொன்றாக மூடினாள்.

இறங்கிப் பார்த்தால் இரண்டு ரூபாய்.
ஒன்று பாக்கி.