பத்தே முக்காலுக்குச் சாகிறவர்

சிரிக்க வைக்க எனக்குச் சம்பளம்.
தொலைக்காட்சித் தொடர், அரை மணி, ஆறு வாரம்.
மூன்று ஜோக்கை முன்கூட்டியே எழுதிப்
பையில் போட்டுக்கொண்டுதான்
யார்க்‌ஷயரின் அந்த ஈரப் புல்வெளிக்குப் போனேன்:
ஈட்டி வீரன் கைப்பேசி பார்ப்பான்,
பிணம் தேநீர் கேட்கும்,
மன்னர் படை கார் நிறுத்த இடமின்றித் தோற்கும்.

மூன்றும் நடந்தன,
நான் போய் இறங்கிய பத்து நிமிடத்துக்குள்.
எழுதுகிறவனுக்கு இதைவிட அவமானம் உண்டா.

ஆலிரன்ஷா. கொதிகலன் பழுதுபார்ப்பவர்.
ஒரு முழங்கால் உலோகம்.
பத்தொன்பது ஆண்டாகப்
பத்தே முக்காலுக்குச் சாகிறார்.
பத்தரைக்கே செத்தால் முதுகு விறைத்துப்போகும்,
பதினொன்று என்றால்
காய்ந்த இடமெல்லாம் பிணங்கள் பிடித்துவிடும்
என்பது அவர் கணக்கு.

பள்ளிப் பேருந்து ஓட்டும் பிலிப்பா ட்ரான்டர்
துப்பாக்கிக்காரனின் மீசையை ஒட்டியபடி
என்னை ஏற இறங்கப் பார்த்தாள்:
"ஜிப் வைத்த ஜாக்கெட்டோட
இந்த நூற்றாண்டுக்குள்ள வராதே."
கயிற்றுக்கு இந்தப் பக்கமே நின்றேன்.

படப்பிடிப்பன்று இயக்குநருக்கு
ஆலிரன்ஷாவின் முகம் தேவைப்பட்டது.
வடக்கே தேவாலயம் பார்த்துக் கிடந்தவரைக்
கேமரா பார்த்துச் சாகச் சொன்னோம்.
முடியாது என்றார்.
பிணம் பேசக்கூடாது என்றான் உதவி இயக்குநன்.
பிணம் எழுந்து உட்கார்ந்தது.

"பதிவேட்டில ஒரு வரி இருக்கு:
படைவீரன் ஒருவன், பெயர் தெரியாது,
வடக்குச் சுவரோரம் அடக்கம், குழிக்கூலி நாலு பென்ஸ்.
அவன் எப்படி விழுந்தான்னு எனக்கும் தெரியாது.
ஆனா பத்தொன்பது வருஷமா
நான் வடக்கே பார்த்துத்தான் விழறேன்.
இப்ப மாத்தினா
அவன் என்ன நினைப்பான்?"

கேமராவை நகர்த்தினோம்.
சேற்றில், நாலு பேர், நாற்பது நிமிடம்.
அப்படியும் வேலி இடித்தது, முகம் கிடைக்கவில்லை.
கேமராவுக்குப் புறமுதுகு காட்டியே
வீரமரணம் எய்தினார்.

ஒளிபரப்பான இரவு
பப்பில் இரண்டு படைகளும் ஒரே பெஞ்சில்.
நாற்பது பேர் செத்த போர்
இரண்டு விநாடி ஓடியது.
அதில் ஒரு முதுகு, நீட்டிய ஒரு கை,
மணிக்கட்டில்
கடிகாரம் கழற்றிய வெள்ளைத் தடம்.
சரியாக அங்கே
சிரிப்பொலி சேர்த்திருந்தார்கள்.

பப்பில் யாரும் சிரிக்கவில்லை.
பிலிப்பா கிளாஸை மெல்ல மேஜையில் வைத்தாள்.
ஆலிரன்ஷா சட்டைக் கையை இழுத்து விட்டுக்கொண்டார்,
திருடியது அகப்பட்டவர் போல.
"அவன் கடிகாரம் கட்டியிருக்க மாட்டான்" என்றார்,
என்னிடம் இல்லை.

இரண்டாம் பருவம் எழுதச் சொல்லி
மேலிடம் மூன்று முறை கேட்டுவிட்டது.
பிலிப்பா எழுதுகிறாள்:
மே மாதமே கடிகாரத்தைக் கழற்றி
அலமாரியில் போட்டுவிட்டாராம்.
ஜூலைக்குள் கை ஒரே நிறமாகிவிட வேண்டுமாம்.
கொதிகலன் பார்க்கப் போகிற வீடுகளில்
தலையைக் குழாய்களுக்குள் விட்டபடி
மணி என்ன, மணி என்ன என்று
கேட்டுக்கொண்டேயிருக்கிறாராம்.